அரை மணித்தியாலத்து ஒழுங்கை

என் அத்தான் சோமசேகரத்தைப் பற்றிக் கொடிகாமத்தில் யாரிடம் கேட்டாலும் முதலில் அவருடைய கைமணிக்கூட்டைப் பற்றித்தான் சொல்வார்கள். முகப்பு உள்ளங்கைப் பக்கம் இருக்கும்படி கட்டியிருப்பார். முப்பது வருடம் பஸ் நிலையத்தில் நேரக்கணிப்பாளராக இருந்த மனிதர். இன்னும் ஓர் ஆள் ஏறட்டும் என்று சாரதி பஸ்ஸை உருட்டிக்கொண்டு நின்றால் விசிலை ஊதிவிடுவார். "ஒரு நிமிசம் அண்ணை" என்று கெஞ்சினால், "உன்ரை ஒரு நிமிசத்தை நான் ஆரிட்டைப் போய் வாங்கிறது?" என்று கேட்பார். கலியாண வீட்டிலும் அப்படித்தான். சொன்ன நேரத்துக்குப் பந்தி விரிக்காவிட்டால் சாப்பிடாமலே எழும்பிப் போய்விடுவார்.

நான் சுபாஸ்கரன். அதே கொடிகாமம் சந்தையில் தேங்காய் மொத்தமாக வாங்கி விற்கிறவன். என் அக்கா மகாதேவியைத்தான் அவருக்குக் கட்டிக் கொடுத்தோம். அவர்களுக்குள் சண்டை வராத கிழமை இல்லை. சண்டை குழம்பில் தொடங்கினாலும் சரி, கோழிக்கூட்டில் தொடங்கினாலும் சரி, முடிகிற இடம் ஒன்றுதான். "நான் பிள்ளை பெத்துச் சாகக் கிடக்கேக்கையும் மணிக்கூட்டைப் பாத்துக்கொண்டு நிண்ட மனுசனெல்லே!" என்பாள் அக்கா. அவர்களின் மகள் வினோஜா வீட்டிலேதான் பிறந்தாள். ஊரடங்கு நேரம், ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக முடியவில்லை. மருத்துவிச்சி நேரம் கேட்டதும், அத்தான் டக்கென்று சொன்னதும் அரை மயக்கத்தில் கிடந்த அக்காவின் காதில் விழுந்திருக்கிறது. அதை அவள் மன்னிக்கவேயில்லை. அத்தானும் மறுத்து ஒரு சொல் சொன்னதில்லை. எழும்பிக் கிணற்றடிக்குப் போய்க் காலைக் கழுவிக்கொண்டு நிற்பார். நான் எப்போதும் அக்காவின் கட்சிதான்.

ஓய்வு பெற்றதும் அவரை இணக்கசபையில் போட்டார்கள். கோர்ட்டுக்குப் போக முதல் சின்னப் பிணக்குகளைப் பேசித் தீர்க்கிற சபை. எங்கள் பக்கத்துப் பிணக்கு என்றால் வேறென்ன, வேலிதான். வேலி அடைக்கிற ஒவ்வொரு முறையும் கதியால் தடியை ஒரு சாண் அடுத்தவன் காணிக்குள் தள்ளி நடுவது எங்கள் ஆட்களுக்குக் கைவந்த கலை. பேரப்பிள்ளைகள் காலத்தில் இரண்டு வீட்டுக்காரரும் காணி உறுதிப் பத்திரத்தைத் தூக்கிக்கொண்டு சபைக்கு வருவார்கள். அத்தான் இரண்டு பக்கமும் கேட்டு, தலையைச் சொறிந்துகொண்டு வீட்டுக்கு வருவார்.

பிறகு கொரோனா வந்தது. வினோஜா மட்டக்களப்பில் பல்கலைக்கழக விடுதியில் அகப்பட்டுக்கொண்டாள். ஒரே பிள்ளை. அத்தானுக்குப் பிள்ளையுடன் கதைக்கத் தெரியாது. போன் எடுத்தால் "சாப்பிட்டியே? சரி, வைக்கிறன்" என்பதுதான் முழுக் கதையும். பிள்ளை அழுகிறாள் என்று அக்கா சொன்ன அன்று பின்னேரம் அவர் மாமரத்தடியில் கதிரையைப் போட்டு இருந்து, போனை வாய்க்குக் கிட்டப் பிடித்து, ஒரு கதையைக் குரல் பதிவாக அனுப்பினார். அப்படித்தான் வேளைத்தீவு உண்டானது.

கடலுக்கு நடுவே ஒரு நாடு. ஒவ்வொரு தீவிலும் ஒவ்வொரு நேரம். ஒன்றில் இன்றைக்கு என்றால் அடுத்ததில் நேற்று. இடையில் படகு ஓடுகிறது. சுற்றிவிட்டு வருகிறவன் சிலவேளை தான் புறப்பட முதலே வீட்டுக்கு வந்து சேர்ந்துவிடுவான். அதனால் வருகிற சிக்கலுக்குக் காலப்பிணக்கு என்று பெயர். அதை ஆராய்கிற சாத்திரம் காலப்பிணக்கியல். அதற்கு ஆய்வுகூடமும் இல்லை, இயந்திரமும் இல்லை. ஒரு மேசை, நாலு கதிரை, ஓர் இணக்கசபை.

வழக்குகள் நல்ல பகிடியாக இருக்கும். ஒருத்தி நாளைக்குப் போடப்போகிற ஊறுகாயை இன்றைக்கே தின்றுவிட்டு வருகிறாள். நாளைக்குச் சாடியைத் திறந்தால் காலி. கள்ளி யார் என்று அவளே முறைப்பாடு கொடுக்கிறாள். இன்னொருவன் தன் தாய் தகப்பனின் கலியாணத்துக்கே போய், பந்தியில் தனக்கு வடை வைக்கவில்லை என்று சண்டை பிடித்து, கலியாணத்தைக் குழப்பிவிடுகிறான். கலியாணம் குழம்பினால் அவன் பிறந்திருக்க மாட்டான். அவன் பிறக்காவிட்டால் சண்டை பிடித்தது யார்? சபை மூன்று நாள் யோசித்துவிட்டுத் தீர்ப்புச் சொல்கிறது: கலியாணம் நடந்தது, பிள்ளை பிறந்தது, சண்டையும் நடந்தது, ஆனால் சண்டை பிடித்த ஆள் இல்லை. அதனால்தான் வேளைத்தீவில் எந்தக் கலியாண வீட்டிலும் யார் தொடங்கியது என்று தெரியாத ஒரு சண்டை நடக்கிறதாம். இதைக் கேட்டு நான் கடையில் இருந்து தனியே சிரித்தேன். வினோஜா விடுதி முழுவதற்கும் போட்டுக் காட்டியிருக்கிறாள். கனடாவில் இருக்கிற சொந்தங்களும் "அடுத்த வழக்கு எங்கை?" என்று கேட்கத் தொடங்கினார்கள்.

போகப் போக அந்தச் சாத்திரத்துக்கு விதிகளும் சேர்ந்தன. முதல் விதி: வேலியை நகர்த்தலாம், காணியை நகர்த்த முடியாது. அதாவது நேரத்தைப் பற்றி மனிதர் போடுகிற கோடுகள் எல்லாம் வேலி. நடந்தது எதுவோ அது காணி. இன்னொன்று: எல்லை எங்கே என்று இரண்டு பக்கத்துக்கும் உண்மையிலேயே தெரியாவிட்டால், பிணக்குப்பட்ட துண்டு ஒருவருக்கும் இல்லை. இரண்டு பேரும் விலகி அதை ஒழுங்கையாக, ஊருக்குப் பொதுவான நடைபாதையாக விடவேண்டும். வேளைத்தீவில் அப்படி விடப்பட்ட மணித்தியாலங்கள் இருக்கின்றனவாம், யாரும் நடந்து போகலாம். கடைசி விதிதான் எனக்கு விளங்கவில்லை. பிறப்பையும் இறப்பையும் பக்கத்தில் நின்று கண்டவரிடம் நேரம் கேட்கக்கூடாது என்பது அந்த விதி.

"பக்கத்திலை நிண்டவனைக் கேளாமல் சந்தியிலை நிண்டவனையோ கேக்கிறது?" என்று நான் நக்கலடித்தேன்.

"அது விதி" என்றார் அத்தான். அதோடு கிணற்றடிக்குப் போய்விட்டார்.

இனி வினோஜாவின் கதைக்கு வருகிறேன். அவள் படித்து முடித்துச் சாவகச்சேரியில் ஓர் அலுவலகத்தில் வேலைக்குப் போகிறாள். கூடப் படித்த மயூரதனை விரும்பினாள். மருதனார்மடத்துப் பொடியன், கணக்குப் படிப்பிக்கிறவன், நிமிர்ந்து பார்த்துக் கதைக்கிற பிள்ளை. அத்தான் உட்பட எங்களில் ஒருவருக்கும் மறுப்பில்லை. பொடியனின் தாய் தவமலருக்கும் வினோஜாவைப் பிடித்துக்கொண்டது. "சாதகத்தை மட்டும் ஒருக்கால் பாப்பம்" என்று சொன்னார். அங்கேதான் வந்தது வினை.

வினோஜாவுக்கு எட்டில் செவ்வாய். கட்டுகிறவனின் உயிருக்கு ஆகாது என்பார்கள். தவமலரின் கணவர் இளவயதிலேயே மாரடைப்பில் போனவர். தவமலரின் சாதகத்திலும் எட்டில் செவ்வாய் என்றும், அதைப் பார்க்காமல் கட்டியதால்தான் மனிதன் போனார் என்றும் செத்த வீட்டிலேயே கதைத்திருக்கிறார்கள். அந்தக் கதையோடு ஒற்றை ஆளாக மகனை வளர்த்தவர் அவர். அவரில் எனக்குக் கோபம் வந்தது, ஆனால் குறை சொல்ல முடியவில்லை.

மருதனார்மடத்துச் சாத்திரியார்தான் இன்னொரு கேள்வியைக் கேட்டார். "உந்த நேரம் பழைய நேரமோ, புது நேரமோ?"

எங்கள் ஆட்களுக்கு இது விளங்கும், மற்றவர்களுக்குச் சொல்லவேண்டும். தொண்ணூற்றாறாம் ஆண்டு அரசாங்கம் நாட்டின் நேரத்தை முன்னுக்குத் தள்ளியது. முதலில் ஒரு மணித்தியாலம், பிறகு அது அரை மணித்தியாலமாகக் குறைந்து பத்து வருடம் நீடித்தது. கந்தோர் அலுவலும் பஸ்ஸும் புது நேரத்தில் ஓட, கோயில் பூசையும் விரதமும் பழைய நேரத்திலேயே நடந்தன. ஒரே வீட்டில் இரண்டு மணிக்கூடு இரண்டு நேரம் காட்டும். வினோஜா பிறந்தது தொண்ணூற்றேழில். அத்தான் வீட்டுச் சுவர் மணிக்கூடு பழைய நேரம். அவருடைய கைமணிக்கூடு பஸ்ஸுக்காகப் புது நேரம். சாதகம் எழுதியவர் எதையும் கழிக்காமல் சொன்ன நேரத்தை அப்படியே போட்டிருக்கிறார். சொன்னது சுவர் மணிக்கூட்டு நேரம் என்றால் எழுதியது சரி. கைமணிக்கூட்டு நேரம் என்றால் அரை மணித்தியாலம் கழிக்கவேண்டும். கழித்தால் லக்கினம் மாறிச் செவ்வாய் ஒன்பதுக்குப் போய்விடும், குற்றமும் இல்லை. தவமலரும் அதற்குச் சம்மதித்தார். "தகப்பன் வந்து கைமணிக்கூடுதான் பாத்தனான் எண்டு சொல்லட்டும். எனக்கு அது காணும். ஆவணி பிறக்க முதல் சொல்லச் சொல்லுங்கோ. பிறகு நான் மனசை இழுத்தடிக்க மாட்டன்" என்றார்.

ஒரு வசனம். அவ்வளவுதான். நான் துள்ளிக் குதித்துக்கொண்டு அத்தான் வீட்டுக்கு ஓடினேன்.

"எனக்குத் தெரியாது" என்றார் அத்தான்.

"என்ன அத்தான் விசர்க்கதை? ரெண்டு மணிக்கூட்டிலை ஒண்டைத்தானே பாத்திருப்பியள்? கையிலை கட்டியிருக்கிறதை விட்டிட்டு ஆர் சுவரைப் பாப்பினம்?"

"தெரியாததைத் தெரியுமெண்டு சொல்லேலாது, சுபாஸ்."

அக்காவைக் கேட்டேன். "எனக்கு உயிர் போய்க்கொண்டிருந்தது, நான் மணிக்கூடோ பாத்தனான்? பாத்த மனுசன் உதிலை குந்தியிருக்கு, அதைக் கேள்" என்று கத்தினாள். மருத்துவிச்சி செத்துப் பல வருடம். நான் அத்தானை விடவில்லை. வந்த நேரமெல்லாம் அரித்தெடுத்தேன். பொய் சொல்லச் சொல்லவில்லை, சந்தேகத்தின் பலனைப் பிள்ளைக்குக் கொடுக்கச் சொன்னேன். மனிதர் அசையவில்லை. முப்பது வருடம் விசில் ஊதி ஊதி நெஞ்சும் இரும்பாய்ப் போய்விட்டது என்று நினைத்தேன். முகத்துக்கு நேரே சொல்லியும் விட்டேன்.

ஆடி முடிகிற நேரம் வினோஜாவே கேட்டாள். நானும் அக்காவும் குசினிக்குள் நின்றோம். அவள் விறாந்தையில் தகப்பனுக்கு முன்னால் நிலத்தில் இருந்தாள்.

"அப்பா, உங்கடை முதல் விதி என்ன?"

அவர் கைமணிக்கூட்டை உள்ளங்கைப் பக்கம் திருப்பிவிட்டார். அவளே சொன்னாள்.

"வேலியை நகர்த்தலாம், காணியை நகர்த்தேலாது. நான் பிறந்தது காணி. மணிக்கூடு வேலி. பழைய நேரம், புது நேரம் எல்லாம் ஆரோ போட்ட வேலி. அதிலை அரை மணித்தியாலம் அங்காலை தள்ளிறதுக்கு என்னப்பா உங்களுக்கு இவ்வளவு கஸ்டம்?"

"வேலி எங்கை நிண்டதெண்டு தெரிஞ்சாத்தானே பிள்ளை தள்ளலாம்" என்றார் அத்தான். "ஞாயிற்றுக்கிழமை எல்லாருமாப் போவம். அவையின்ரை வீட்டிலை வைச்சுச் சொல்லுறன்."

"என்னத்தைச் சொல்லப் போறியள்?"

"நடந்ததை."

அவள் எழும்பி அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். அழுத சத்தம் கேட்கவில்லை. அதுதான் எனக்குத் தாங்க முடியாமல் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலை வான் பிடித்துக்கொண்டு மருதனார்மடம் போனோம். ஆஞ்சநேயர் கோயிலடியில் அக்கா இறங்கிக் கும்பிட்டுவிட்டு வந்தாள். தவமலர் வாசலுக்கு வந்து கூட்டிக்கொண்டு போனார். தேத்தண்ணியும் பயற்றம் பணியாரமும் வந்தன. ஒருவரும் கை வைக்கவில்லை. மயூரதன் சுவரோடு சாய்ந்து நின்றான். வினோஜா தலையைக் குனிந்தபடி இருந்தாள்.

"சொல்லுங்கோ அண்ணை" என்றார் தவமலர். "கையோ, சுவரோ?"

அத்தான் கைமணிக்கூட்டைக் கழற்றி மேசையில் வைத்தார். நான் அவரை அது இல்லாமல் பார்த்ததே இல்லை. அந்த இடம் மட்டும் வெளுத்துப்போய் இருந்தது.

"ரெண்டும் இல்லை" என்றார். "நான் மணிக்கூடு பாக்கேல்லை."

என் காதை நானே நம்பவில்லை.

"பிள்ளை வெளியிலை வந்திட்டுது, அழேல்லை. நீலம் பூத்துக் கிடந்தது. மருத்துவிச்சி தலைகீழாப் பிடிச்சு முதுகிலை தட்டிக்கொண்டு நிண்டா. இஞ்சாலை இவள் கண்ணை மூடிட்டாள், கூப்பிடக் கூப்பிடக் கதை இல்லை. நான் இவளின்ரை முகத்தைப் பாப்பன், பிள்ளையைப் பாப்பன். திரும்ப இவளைப் பாப்பன். எவ்வளவு நேரம் அப்பிடி நிண்டன் எண்டு எனக்குத் தெரியாது. பிறகு பிள்ளை கத்தினது. இவளும் கண்ணைத் திறந்தாள். நான் நிலத்திலை இருந்திட்டன். கனக்க நேரம் கழிச்சு மருத்துவிச்சி, 'தம்பி, பிள்ளை பிறந்த நேரம் என்ன?' எண்டு கேட்டா. நேரக்கணிப்பாளனெல்லே, தெரியாதெண்டு எப்பிடிச் சொல்லுறது? வாயிலை வந்த ஒண்டைச் சொன்னன். அதுதான் உந்தச் சாதகம்."

நான் அக்காவைப் பார்த்தேன். அவள் வாய் திறந்தபடி இருந்தது. இருபத்தெட்டு வருடமாக ஒவ்வொரு சண்டையிலும் தூக்கி எறிந்த கல் கையிலேயே நின்றுவிட்டது அவளுக்கு.

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?" என்று மெல்லக் கேட்டாள். "நான் எவ்வளவு பேச்சுப் பேசினன்..."

"சொன்னால் பிள்ளையின்ரை சாதகம் பொய்யெண்டு ஆயிடும். நீ பேசினாப் பேசு, அவளுக்கு ஒரு நேரம் இருக்கட்டும் எண்டு விட்டிட்டன்."

வினோஜா நிமிர்ந்தாள். "அப்பா, அதுதானோ உங்கடை கடைசி விதி?"

அவர் தலையை ஆட்டினார். பிறகு தவமலரைப் பார்த்துச் சொன்னார். "தங்கச்சி, நான் இப்ப வந்து கைமணிக்கூடுதான் எண்டு சொல்லியிருக்கலாம். நீங்களும் நம்பியிருப்பியள். நாளைக்கு உங்கடை பிள்ளைக்கு ஒரு காய்ச்சல் எண்டாலும் நான் நித்திரை கொள்ளமாட்டன். அந்த அரை மணித்தியாலம் எங்கடை பக்கமும் இல்லை, உங்கடை பக்கமும் இல்லை. எல்லை ஒருத்தருக்கும் தெரியாது. ரெண்டு பக்கமும் விலகி ஒழுங்கையா விட்டிடுவமே? பிள்ளையள் அதாலை நடந்து போகட்டும்."

தவமலர் மேசையில் கிடந்த மணிக்கூட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் எழும்பி எங்களைப் போகச் சொல்லப்போகிறார் என்றுதான் நான் நினைத்தேன். கடைசியில் அவர் கேட்டது எங்களில் ஒருவரையும் அல்ல.

"நான் பிறந்தண்டு எங்கடை அப்பு தோட்டத்துக்குத் தண்ணி இறைச்சுக்கொண்டு நிண்டவராம். வந்து பாக்க நான் ஏணைத் தொட்டிலிலை கிடந்தனானாம். எங்கடை வீட்டிலை அப்ப மணிக்கூடே இல்லை." மணிக்கூட்டை விரலால் தொட்டார். "அப்ப எனக்கு ஆர் நேரம் பாத்தது?"

மயூரதன் வந்து தாயின் கதிரைக்குப் பக்கத்தில் நிலத்தில் இருந்தான். அவர் அவன் தலையில் கையை வைத்துக்கொண்டு அழுதார். எத்தனை வருடத்து அழுகையோ, அது பாட்டுக்கு வந்துகொண்டிருந்தது. அக்கா எழும்பிப் போய் அவருடைய தோளைப் பிடித்துக்கொண்டாள். எனக்கும் கண் கலங்கிவிட்டது, மறைக்கப் பணியாரத்தை எடுத்து வாயில் போட்டேன்.

முகத்தைத் துடைத்ததும் தவமலர் பழையபடி வீட்டுக்காரியாகிவிட்டார். "பெயர்ப் பொருத்தம் பாப்பம். பெயர் வைக்கேக்கையாவது எல்லாருக்கும் புத்தி தெளிவா இருந்திருக்குந்தானே. தேத்தண்ணி ஆறிப்போச்சு, வேறை போடுறன்" என்று குசினிக்குள் போனார். வினோஜா பின்னாலேயே போனாள்.

திரும்பி வருகிற வழியில் அக்கா அத்தானுக்குப் பக்கத்தில் இருந்தாள். அத்தான் மணிக்கூட்டை மேசையிலேயே மறந்துவிட்டு வந்ததைக் கைதடிப் பாலம் தாண்டித்தான் கண்டோம். திரும்புவோமா என்று வான்காரப் பொடியன் கேட்டான். "கிடக்கட்டும்" என்றார்.

கலியாணம் தை மாதம் ஒரு காலை முகூர்த்தத்தில் நடந்தது. பந்தியில் ஒரு சண்டையும் வந்தது, யார் தொடங்கியது என்று இன்றுவரைக்கும் தெரியாது. நான் அதை விலக்கிவிட்டு மணவறைக்கு ஓடிவந்தபோது மயூரதன் தாலியைக் கையில் எடுத்துவிட்டான். ஐயர் அவசரப்பட்டார். முகூர்த்தம் முடிய இன்னும் எவ்வளவு இருக்கிறது என்று பார்க்கவேண்டும். எங்கள் ஊரில் அதற்கு யாரைக் கேட்பார்கள்? "சோமசேகரத்தார், நேரம் என்ன?" என்று அவர் கூப்பிட்டார்.

அத்தானுக்கு அது கேட்கவேயில்லை. அவர் வினோஜாவைப் பார்த்தார், திரும்பி அக்காவைப் பார்த்தார், மறுபடி வினோஜாவைப் பார்த்தார்.

"அவரைக் கேளாதேங்கோ ஐயா" என்றாள் அக்கா. சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "அவர் எங்களைப் பாத்துக்கொண்டு நிக்கிறார்."